வேம்பு இல்லாத மலையில் வேப்பிலை

போன வாரம் நீங்கள் நாலைந்து பேர் என் வீட்டுக்கு வந்தீர்கள். சுகாதாரத் துறையில் புதிதாகச் சேர்ந்து, மலைப் பகுதிக்கு நியமனம் ஆனவர்கள். காப்பி குடித்து முடிப்பதற்குள் உங்களில் ஒருவர் கேட்டார்: “மலைச்சாதிக்காரங்க ஒத்துழைப்பாங்களாம்மா?” எனக்குக் காப்பி கசந்துவிட்டது. நேரில் பதில் சொன்னால் சண்டையாகும் என்று வாயை மூடிக்கொண்டேன். அதனால்தான் எழுதுகிறேன். எழுத்தில் சண்டை போட்டால் குறுக்கே பேச முடியாது அல்லவா?

சுசீந்திரத்து வயல் வரப்பில் நின்று வடக்கே பார்த்தால் மலை ஒரே நீலச் சுவராகத் தெரியும். நம் துறையில் பெரிய நாற்காலிக்குப் போனவர்களில் பலர் அந்த வரப்பில் நின்று பார்த்ததோடு சரி. உள்ளே ஏறியவர்களுக்குத் தெரியும், அது எத்தனை துண்டு என்று. ஆரல்வாய்மொழிக் கணவாய்ப் பக்கம் உடைமுள் காய்ந்து கிடக்கும். அதே மலையில் மேற்கே பேச்சிப்பாறைக்கு மேல் போனால் அட்டை காலில் ஏறும், உடுத்த துணி உலராது. மனிதர்களும் அப்படித்தான். அடிவாரத்தில் குலசேகரத்துக்காரர்கள் பாதி மலையாளமும் பாதித் தமிழுமாகப் பேசுவார்கள். மேலே ரப்பர் தோட்டத்தில் திருநெல்வேலிப் பக்கத்துக் கூலிகள். அதற்கு அப்பால் மரம் அறுக்க வந்த மலையாளிகள். இன்னும் மேலே காட்டின் பழங்குடிகளான காணிக்காரர்கள். நடுவில் தேங்காய்ப்பட்டணத்து முஸ்லிம் ஒருவர் கடை வைத்திருப்பார். எல்லோருக்கும் மேலாகப் பங்களாவில் வெள்ளைக்காரத் துரை. காலையில் நடக்கத் தொடங்கினால் மதியத்துக்குள் இத்தனை பேரையும் கடந்துவிடலாம். ஒருவர் கும்பிடும் சாமி அடுத்தவருக்குத் தெரியாது. ஒருவர் பயப்படுவதைப் பார்த்து அடுத்தவர் சிரிப்பார். நீங்களோ எல்லோரையும் சேர்த்து ‘மலைச்சாதிக்காரங்க’ என்று மூட்டை கட்டிவிட்டீர்கள். மூட்டை தூக்க வசதியாகத்தான் இருக்கும்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளில் நான் திருவிதாங்கூர் சர்க்காரில் அம்மை குத்தும் வேலையில் இருந்தேன். பெண்கள் ஆண்களிடம் கை நீட்ட மாட்டார்கள் என்பதால் என்னைப் போல் சில பெண்களை எடுத்திருந்தார்கள். மிஷன் பள்ளியில் படித்தவள், இளம் விதவை, வேலை தேவைப்பட்டவள். அவ்வளவுதான் என் தகுதி. மலையில் எனக்கு ‘குத்துக்காரம்மா’ என்று பெயர்.

எனக்கு மேலே ஓர் இன்ஸ்பெக்டர். பெயர் வேண்டாம், அவருடைய பேரப்பிள்ளைகள் நல்லவர்கள். வெள்ளைக் கால்சட்டை, தலையில் தொப்பி, சட்டைப் பையில் வாசனைக் கைக்குட்டை. மலைமக்களைப் பற்றி ஒரு மணி நேரம் சொற்பொழிவு செய்வார். ஒரு காணிக்காரரின் பெயரும் அவருக்குத் தெரியாது.

ஒரு கோடையில் கோதையாற்று மலையில் வைசூரி என்று செய்தி வந்தது. நீங்கள் பெரியம்மை என்று பாடத்தில் படித்ததைத்தான் சொல்கிறேன். இன்ஸ்பெக்டரும் நானும் ஏறிப்போனோம். மண் கலயத்தில் ஈரத்துணி சுற்றி அம்மைப்பால் குழாய்களை, அதாவது குத்தும் மருந்தை, நான் சுமந்தேன். அவர் கைக்குட்டையைச் சுமந்தார்.

எஸ்டேட் பங்களாவில் அவருக்கு நாற்காலியும் தேநீரும் கிடைத்தன. அங்கேயே நோயின் ஊற்றையும் கண்டுபிடித்துவிட்டார். தோட்டத்தின் கண்டக்டர், அதாவது கூலிகளை மேய்க்கும் அதிகாரி, அவர் காதில் சொன்னதுதான் கண்டுபிடிப்பு. மேலே காணிக்காரர் குடியிருப்பில் பரப்பி என்றொரு பெண்பிள்ளை. பன்னிரண்டு பதிமூன்று வயது இருக்கும். தோட்டத்துக்குப் புல் அறுத்துக் கொடுக்க வருவாள். கடை வாசலில் காய்ச்சலோடு விழுந்திருக்கிறாள். ஆகவே நோய் காட்டிலிருந்து வந்தது.

“தோட்டத்துல ஒருத்தருக்கும் இல்லியா?” என்று கேட்டேன்.

“ஒருத்தருக்கும் இல்லே. இங்க சுத்தம் உண்டு, ஒழுங்கு உண்டு,” என்றார் கண்டக்டர். இன்ஸ்பெக்டர் தலையாட்டினார். தேநீர் நன்றாக இருந்திருக்க வேண்டும்.

எனக்கு உத்தரவு போட்டார்: முதலில் பங்களாவுக்கும் ஆபீஸ் ஆட்களுக்கும் குத்து, மிச்சம் இருந்தால் கூலிகளுக்கு. காணிக்காரர்களுக்கு வேண்டாம். அவர்கள் குடியிருப்பைக் காவல் போட்டு அடைத்து, குடிசைகளைக் கொளுத்த வேண்டும். மறுநாள் காலையில் பாரஸ்ட் கார்டுகள் வருவார்கள்.

நான் துரையின் கையைப் பார்த்தேன். புதுத் தழும்பு இருந்தது. ஆபீஸ்காரர்களுக்கும் அப்படியே. அந்த வருடமே குத்தியிருந்தார்கள். இருக்கிற கொஞ்சம் பாலையும் இவர்கள் மேல் கொட்டுவது ஆற்றில் கொட்டுவதற்குச் சமம். கலயத்தை மூடிக்கொண்டு, கூலிகள் குடியிருக்கும் லைன் பக்கம் நடந்தேன்.

லைனுக்குப் பின்னால் குப்பைமேடு. அதில் ஒரு கொத்து வேப்பிலை வாடிக் கிடந்தது.

இதை நிதானமாகப் படியுங்கள். அந்த மலையில் வேப்பமரம் கிடையாது. அந்த ஈரத்தில் வேம்பு பிழைக்காது. அந்தக் கொத்தை யாரோ அடிவாரத்திலிருந்து, இல்லை கணவாய்க்குக் கிழக்கே இருந்து, வேலை மெனக்கெட்டுச் சுமந்துவந்திருக்கிறார்கள். எதற்கு? காணிக்காரர்கள் வைசூரிக்கு வேப்பிலை வைக்க மாட்டார்கள். மலையாளிகள் அந்த வீட்டுப் பக்கமே போக மாட்டார்கள். அம்மன் வீட்டுக்கு வந்திருக்கிறாள் என்று வாசலில் வேப்பிலை செருகுகிறவர்கள் திருநெல்வேலிக்காரர்கள். செருகியதை யாரோ பிடுங்கிக் குப்பையில் எறிந்திருக்கிறார்கள்.

அந்தக் கொத்தை எடுத்துக்கொண்டு போய் இன்ஸ்பெக்டரிடம் காட்டினேன்.

“காத்துல பறந்து வந்திருக்கும்,” என்றார்.

காற்றில்! பத்து மைல் மலையேறி, கொத்தாக, காம்போடு! இந்த அறிவுக்குத்தான் சர்க்கார் தொப்பி வாங்கிக் கொடுத்திருந்தது.

லைனுக்குத் திரும்பினேன். ஓடையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த ஒருத்தியின் பக்கத்தில் உட்கார்ந்தேன். மாடத்தி என்று பெயர். முகத்தில் மஞ்சள், தலைக்கு எண்ணெய் இல்லை. வீட்டில் அம்மை இருந்தால் எண்ணெய் தொடமாட்டார்கள்.

“தாயி எப்ப வந்தா?” என்று கேட்டேன். வைசூரி என்ற சொல்லை வாயில் எடுக்கவில்லை.

அவள் தேய்ப்பதை நிறுத்தினாள். “ஒங்களுக்கு யாரு சொன்னா?”

“ஒன் தலை சொல்லுது.”

அழத் தொடங்கிவிட்டாள். “எம் மாப்பிள்ளைக்குத்தாம்மா. கங்காணி ஊர்லருந்து புது ஆளுகளக் கூட்டியாந்தாருல்லா, அதுல ஒருத்தனுக்கு மொதல்ல. பொறவு இவுகளுக்கு. ரப்பர் காயப்போடுற பழைய கொட்டகையில போட்டுப் பூட்டிருக்காக. கஞ்சி குடுக்கக்கூட விடமாட்டேங்காக. வெளிய சொன்னா எங்க எல்லாரையும் வெரட்டிருவேன்னு கண்டக்டர் சொல்லிருக்காக.”

கூலிகள் பயந்து ஓடிவிட்டால் மரத்தில் பால் எடுக்க ஆள் இருக்காது. அதனால் பூட்டு. அந்தக் கொட்டகைப் பக்கம் புல் கொண்டுவந்து போட்ட பரப்பிக்கு நோய் தொற்றியிருக்கிறது. நோய் காட்டிலிருந்து இறங்கவில்லை, தோட்டத்திலிருந்து காட்டுக்கு ஏறியிருக்கிறது.

இன்ஸ்பெக்டர் மதியச் சாப்பாடு முடிந்து பங்களா வராந்தாவில் கண்ணயர்ந்திருந்தார். நான் மாடத்தியின் லைனில் கொட்டகைக்காரர்களோடு புழங்கியவர்களை அவளை விட்டே கூப்பிடச் சொல்லி, பாலில் பாதியைக் குத்தி முடித்தேன். “தாயிக்கு எதிரா இல்ல இது. அவ கோவத்தக் கொஞ்சம் தணிக்கதுக்கு,” என்றேன். நான் வேதக்காரி. எங்கள் போதகர் கேட்டிருந்தால் என்னைச் சபையை விட்டே தள்ளியிருப்பார். ஆனால் கை நீட்டினார்கள்.

மிச்சப் பாலோடு கடைக்குப் போனேன். கடைக்காரர் அசனார் காக்கா. தேங்காய்ப்பட்டணத்திலிருந்து உப்பும் கருவாடும் புகையிலையும் கொண்டுவந்து, காணிக்காரர்களிடம் தேனும் நல்லமிளகும் வாங்கிப்போகிறவர். முகம் முழுக்க அம்மைத் தழும்பு.

“காணிக்குடிக்கு வழி காட்டுவியளா காக்கா? பயமில்லியே?”

“எனக்கென்ன பயம்? அது என்னெ ஒருக்கா தின்னு துப்பியாச்சி. துப்புனத மறுபடி எடுத்துத் தின்னாது,” என்று கடையை அடைத்துவிட்டு முன்னால் நடந்தார்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது காணிக்காரர்கள் மூட்டை கட்டி முடித்திருந்தார்கள். ஊர்த்தலைவரை அவர்கள் மூட்டுக்காணி என்பார்கள். மெலிந்த மனிதர். என்னைப் பார்த்ததும் எட்டி நின்றார்.

“போறோம்,” என்றார். “வைசூரி வந்தா எடம் விடணும். அது எங்க வழக்கம்.”

இங்கேதான் நீங்கள் என்ன செய்வீர்கள் என்று எனக்குத் தெரியும். ‘ஓடாதே’ என்பீர்கள். சுகாதாரப் பாடம் நடத்துவீர்கள். இன்ஸ்பெக்டர் காவல் போடுவார். நான் யோசித்தேன்: நோயாளியை விட்டு விலகிக் கலைந்து போகிறார்கள். இதில் என்ன முட்டாள்தனம்? நாம் காசு கட்டி ஆள் வைத்துச் செய்வதை இவர்கள் சும்மா செய்கிறார்கள். கெடுதல் எங்கே போகிறார்கள் என்பதில்தான் இருக்கிறது.

“எங்க போறிய?”

“அக்கரைக்கு.” மலைமுகட்டைக் காட்டினார். அதைத் தாண்டினால் பாபநாசத்துக்கு மேலே அவர்களுடைய சொந்தக்காரர்களின் குடியிருப்புகள்.

“ஒங்க ஆளுல யாரு ஒடம்புலயாவது இப்பமே அது ஒளிச்சிருந்தா? கூடவே அக்கரைக்கு வருமே. அவங்களும் சாவணுமா?”

அசனார் காக்கா அவர்கள் பேச்சில் ஏதோ சொன்னார். வெகுநேரம் பேசினார்கள். கடைசியில் மூட்டுக்காணி என் பக்கம் திரும்பினார்.

“அக்கரைக்குப் போவல. மேல பாறைக்குகை உண்டு. அங்கன இருப்போம். நீ குத்தணும்னா குத்து. ஆனா அந்தப் பிள்ளை?” கடைசிக் குடிசையைக் காட்டினார். வாசலில் பரப்பியின் தாய் உட்கார்ந்திருந்தாள். “அவளெ விட்டுட்டுப் போணும். பெத்தவ வரமாட்டேங்கா. நீ பாப்பியா? நீ இருந்தா நாங்க குகையில இருப்போம். நீ போனா நாங்களும் அக்கரைக்குப் போவோம்.”

பேரம் அதுதான். அவர் என்னிடம் ஒத்துழைப்புக் கேட்டார். எனக்கு அது அப்போது உறைத்தது, உங்களுக்கு இப்போதாவது உறைக்கட்டும். ஒரு கூட்டத்தை நாம் நம்பச் சொல்லும்போது அவர்கள் கையில் நாம் எதைப் பிணையாக வைக்கிறோம்? பெரும்பாலும் ஒன்றும் வைப்பதில்லை. நோட்டீஸ் ஒட்டிவிட்டு ஜீப் ஏறுகிறோம்.

“பாக்கேன்,” என்றேன்.

என்னைத் தியாகி ஆக்கிவிடாதீர்கள், எனக்குப் பிடிக்காது. காற்றில் பறந்து வந்த வேப்பிலை மண்டைக்குள் நின்று எரிந்துகொண்டிருந்தது. அந்தக் கோபத்தில்தான் சம்மதித்தேன்.

ஒவ்வொருவராக வந்து கை நீட்டினார்கள். தாயை மூட்டுக்காணி கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனார். போகும்போது அவள் என்னைத் திட்டினாள் என்று நினைக்கிறேன். மொழி புரியவில்லை, தொனி புரிந்தது.

பரப்பிக்குக் கொப்புளம் முகத்தில் இறங்கியிருந்தது. கண் இமைகள் ஒட்டிக்கிடந்தன. குத்தி இனிப் பயனில்லை. தண்ணீர் கொடுப்பதும், கண்ணை வெதுவெதுப்பான உப்பு நீரில் நனைப்பதும், ஈ ஓட்டுவதும்தான் வைத்தியம். “அம்மே” என்று கூப்பிடுவாள். நான்தான் ‘உம்’ கொட்டினேன்.

மறுநாள் காலையில் இன்ஸ்பெக்டர் வந்தார். கூட நாலைந்து கார்டுகள், தோட்டத்து ஆள் இரண்டு பேர், ஒரு டின் மண்ணெண்ணெய். குடியிருப்பு காலி. கடைசிக் குடிசை வாசலில் நான்.

அவர் தூரத்திலேயே நின்று கைக்குட்டையை மூக்கில் வைத்தார். “ஏம்மா, யாரெக் கேட்டு இவங்களெப் போவ விட்ட? வெளிய வா. எல்லாத்தையும் கொளுத்தணும்.”

“உள்ள பிள்ளை கிடக்கு சார்.”

“தூக்கிட்டு வா.”

“எங்க கொண்டு வைக்க? நீங்க எடுத்துட்டுப் போறியளா?”

அவர் ஓர் அடி பின்னால் வைத்தார். “நீ வேலையெ மறந்துறு. ஒன்னெ நான் என்ன செய்யேன்னு பாரு. டேய், அந்தக் கடைசிக் குடிசையெ விட்டுட்டு மத்ததெக் கொளுத்துங்கடா!”

கார்டுகளைப் பார்த்தேன். அழகியபாண்டிபுரம் பக்கத்துப் பையன்கள். முந்தின இரவு எங்கே தங்கினார்கள் என்பது அவர்கள் தோளில் கிடந்த எஸ்டேட் கம்பளியில் தெரிந்தது.

“மக்கா,” என்றேன், “கொளுத்தறதுன்னா மொதல்ல ரப்பர் கொட்டகையெ இல்லா கொளுத்தணும்? வைசூரி வந்த ஆளுவ அதுக்குள்ளதான் பூட்டிக் கிடக்காவ. நீங்க ராத்திரி அதுக்கு அடுத்தாப்புலதானே படுத்திய?”

மூத்த கார்டு தோட்டத்து ஆட்களைத் திரும்பிப் பார்த்தார். “நெசந்தானாலே?” என்று கேட்டார். அவர்களில் ஒருவன் தலையைக் குனிந்துகொண்டான்.

அது போதும். டின் கீழே விழுந்தது. கம்பளிகள் ஒவ்வொன்றாகப் புல்லில் விழுந்தன. பாறைச்சரிவில் கார்டுகள் இறங்கிய வேகத்தை ஆடு பார்த்திருந்தால் வெட்கப்பட்டிருக்கும். தோட்டத்து ஆட்களும் பின்னால் ஓடினார்கள். இன்ஸ்பெக்டர் ஒருவர் மட்டும் மிஞ்சினார். பதவி கௌரவம் என்று ஒன்று உண்டல்லவா? தானே தீக்குச்சி கிழித்து ஓரத்துக் குடிசையின் கூரையில் வைத்தார். ஈற்றை என்ற காட்டு மூங்கிலின் இலைக் கூரை, காலை மூடுபனியில் ஊறிக்கிடந்தது. புகைந்தது, எரியவில்லை. பெட்டியில் இருந்த குச்சி எல்லாம் தீர்ந்தது. தொப்பியால் விசிறியும் பார்த்தார். பிறகு என்னைப் பார்க்காமல் இறங்கிப்போனார்.

சிரிக்காதீர்கள். சிரிப்பதற்கு அங்கே வேறு ஒன்றும் இல்லை. ஓடிய கார்டுகள் வழியெல்லாம் சொல்லிக்கொண்டு ஓடியதால் குலசேகரம் வரை செய்தி பரவியது. மறைக்க முடியாமல் போயிற்று. பெரிய டாக்டர் வந்தார், கொட்டகைப் பூட்டை உடைத்தார்கள். உள்ளே இருந்தவர்களில் சிலர் உயிரோடு இல்லை. மாடத்தியின் புருஷனும் இல்லை. லைனில் நான் குத்தியவர்களில் பெரும்பாலோர் தப்பினார்கள். குத்தாத லைனைப் பற்றி எழுத எனக்குக் கை வரவில்லை. துரை உடம்பு சரியில்லை என்று திருவனந்தபுரம் போனார். கண்டக்டர் வேறொரு தோட்டத்தில் கண்டக்டரானார்.

நோயைத் திறமையாகக் கட்டுப்படுத்தியதற்காக இன்ஸ்பெக்டருக்குப் பதவி உயர்வு கிடைத்தது. உங்களில் யாருக்காவது நியாயம் கிடைக்கும் என்ற எண்ணம் இருந்தால் வேறு துறைக்கு மாற்றல் கேளுங்கள். என்னை ஆபீசுக்கு அழைத்து, உத்தரவை மீறினாயா என்று கேட்டார்கள். மீறினேன் என்றேன். கடியப்பட்டணத்துக்கு மாற்றினார்கள். மலையை விட்டுக் கடலோரம். தண்டனையாம். மீன் நன்றாக இருந்தது.

ஆனால் அது பிறகு. பரப்பியின் கொப்புளங்கள் காய்ந்து பொருக்கு உதிரும் வரை நான் மேலேதான் இருந்தேன். அசனார் காக்கா தினமும் கஞ்சி கொண்டுவருவார். குகைக்கும் அரிசி கொண்டுபோவார். அங்கே ஒரு கிழவருக்குக் காய்ச்சல் வந்து வந்த வழியே போயிற்று என்றும், மற்ற எல்லோர் கையிலும் குத்து பழுத்துப் பலித்திருக்கிறது என்றும் சொன்னார். அவர்கள் அக்கரைக்குப் போகவில்லை. மூட்டுக்காணி சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். எனக்கு மேலே இருந்தவர்களில் அப்படி ஒருவரை நான் பார்த்ததில்லை.

பொருக்கெல்லாம் உதிர்ந்த பிறகு பரப்பியைக் குளிப்பாட்டி, அவள் உடுத்த துணிகளை எரித்தேன். என் பழைய சேலை ஒன்றைக் கிழித்து அவளுக்குச் சுற்றிவிட்டேன். காக்கா போய்ச் சொல்லியிருந்தார். ஓடைக்கு அந்தப் பக்கம் தாய் வந்து நின்றாள். இந்தப் பக்கம் வர அவளுடைய ஆட்கள் இன்னும் விடவில்லை. அவளும் தண்ணீரில் கால் வைக்காமல் விளிம்பிலேயே நின்றாள். மகள் முகம் அங்கிருந்து அவளுக்குச் சரியாகத் தெரிந்திருக்காது.

“கண்ணு தெரியுதா?” என்று அரைகுறைத் தமிழில் கத்தினாள்.

பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் நினைத்தேன்.

“ஒரு கண்ணு தெரியும்,” என்று நானும் கத்தினேன். “வலது கண்ணு.”

ஓடை இரைந்துகொண்டிருந்தது. அவளுக்குக் கேட்டதா இல்லையா என்று தெரியவில்லை. மறுபடி சொல்ல வாயைத் திறந்தேன்.

அதற்குள் பரப்பி என் கையை உதறிவிட்டுத் தண்ணீரில் இறங்கிவிட்டாள். கல்லுக்குக் கல் கால் வைத்து, தலையைக் கொஞ்சம் இடப்பக்கம் திருப்பிப் பார்த்துப் பார்த்துப் போனாள். ஓர் இடத்திலும் தடுமாறவில்லை. தாய்க்குப் பின்னால் நின்றவர்கள் ஏதோ கூவினார்கள். தாய் அதைக் காதில் வாங்காமல், உடுத்திருந்த துணியோடு ஓடைக்குள் இறங்கினாள்.